பல் ஒட்டிய சாடி

என் அக்கா பியற்றிஸ், உயிரோடிருக்கிற கணவருக்குக் கல்லறைச் சாடி செய்தாள் என்று லண்டனில் மிச்சம், டூட்டிங் பக்கங்களில் இன்றைக்கும் ஒரு கதை உலாவுகிறது. பொய்யில்லை, செய்தாள்தான். ஆனால் பாதிக் கதையைக் கையில் வைத்துக்கொண்டு தலையை ஆட்டுகிறவர்களைக் கண்டால் எனக்கு ஆகாது. மீன் கடையில் ஒருத்தி என்னிடமே வந்து, "உங்கடை அக்காவுக்கு மனிசனைப் பிடிக்காதோ?" என்று கேட்டாள். வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டுத்தான் மீனை வாங்கிக்கொண்டு வந்தேன். முழுக்கதையையும் ஒருதரம் சொல்லிவிட்டால் எனக்கும் நிம்மதி.

நான் றஜீனா. கார் ஓட்டப் பழக்குவது என் தொழில். ஆட்களை அவர்கள் பிரேக் போடும் விதத்தில் எடை போடுவது அந்தத் தொழில் தந்த பழக்கம். அக்காவின் கணவர் யாக்கோப்பு அத்தான் பிரேக்கே போடமாட்டார். ஹோர்ன் அடிப்பார்; முன்னால் போகிறவன் விலகிவிடுவான் என்று அப்படியொரு நம்பிக்கை. மன்னார்க்காரர். குரலும் பெரிது, சிரிப்பும் பெரிது, கோபம் இரண்டையும்விடப் பெரிது. விமான நிலையத்தில் மற்றவர்களின் பெட்டிகளை ஏற்றி இறக்கியே முதுகைத் தேய்த்துக்கொண்டு ஓய்வுபெற்றவர். சனிக்கிழமைகளில் பங்குக் கோவில் பிள்ளைகளின் உதைபந்தாட்டத்துக்கு அவர்தான் நடுவர். அவர் விசில் ஊதினால் பந்து மட்டுமில்லை, பக்கத்து வீதியில் பஸ்ஸும் நிற்கும் என்று பிள்ளைகள் பகிடி பண்ணுவார்கள்.

அக்கா அதற்கு நேரெதிர். நகரத்து நடுவில் ஒரு கலைக்கூடத்தில் அவளுக்கு அறைக்காவல் வேலை. கறுப்பு உடுப்பு, கழுத்தில் அட்டை, மூலையில் ஒரு கதிரை. யாரும் படங்களைத் தொடாமல் பார்த்துக்கொண்டு நாள் முழுக்க இருக்கவேண்டும். சுவரில் தொங்குகிற பெரிய பெரிய எண்ணெய் ஓவியங்களைப் பற்றிக் கேட்டால், "எல்லாம் ஆரோ பெரிய இடத்து ஆக்கள். எனக்கு அவையளைப் பழக்கமில்லை" என்பாள். வருகிறவர்கள் அவளிடம் கேட்பதும் கழிப்பறை எந்தப் பக்கம் என்பதை மட்டும்தான்.

போன குளிர்காலம் அவளை வேறொரு அறைக்கு மாற்றினார்கள். அமெரிக்க நாட்டார் கலை என்று ஒரு கண்காட்சி. வேலை முடிந்து வரும் வழியிலேயே எனக்குப் போன் எடுத்தாள்.

"றஜீனா, நீ ஒருக்கா வந்து பார்."

இத்தனை வருடத்தில் அவள் என்னை அந்தக் கட்டடத்துக்குள் கூப்பிட்டதே இல்லை. எனக்கு ஓவியம், சிற்பம் ஒன்றும் விளங்காது. அவள் குரலைக் கேட்டதற்காகத்தான் போனேன்.

போனால், அது நான் நினைத்த மாதிரி இடமாக இல்லை. ஓவியப் பள்ளி எதிலும் படிக்காத ஆட்கள், கைக்குக் கிடைத்ததை வைத்துத் தாங்களாகவே செய்த பொருட்கள். ரயில்பாதையில் வேலை செய்த ஒருவர் ஒரே மரக்கட்டையில் செதுக்கிய சங்கிலி இருந்தது; வளையத்துக்குள் வளையம், எங்கேயும் ஒட்டு இல்லை. பழைய வேலை உடுப்புகளை வெட்டித் தைத்த ஒரு போர்வை. முழங்கால் தேய்ந்த இடம் தேய்ந்தபடியே அதில் தெரிந்தது. காற்றடித்தால் விறகு கொத்துகிற தகர மனிதன் ஒருவன் கோடரியைத் தூக்கியபடி நின்றான். அறைக்குள் காற்று ஏது? ஆட்கள் இல்லாத நேரம் அக்கா போய் ஊதிவிடுவாளாம்.

"தொடக்கூடாது எண்டுதான் சொன்னவை. ஊதக்கூடாது எண்டு ஒருத்தரும் சொல்லேல்லை" என்றாள்.

யன்னல் மறைப்புத் துணியில் வீட்டுப் பெயின்றால் ஒரு பெண் கீறிய படமும் இருந்தது. ஊரே ஆற்றில் இறங்கி ஞானஸ்நானம் பெறுகிறது. போதகருக்கும் பிள்ளைகளுக்கும் கரையில் நிற்கிற நாய்க்கும்கூட ஒரே முகம். நான் சிரித்துவிட்டேன். அக்கா சிரிக்கவில்லை.

"அவவுக்கு அந்த ஒரு முகம்தான் கீற வந்திருக்குது. அதுக்காக அவ கீறாமல் விடேல்லை, பாத்தியே?"

பிறகு என்னை நடுவில் இருந்த கண்ணாடிப் பெட்டிக்குக் கூட்டிப்போனாள். உள்ளே ஒரு சாடி. வெளிப்புறம் முழுக்கச் சாந்து பூசி, சாந்து காய்வதற்குள் கண்ட சாமான் எல்லாவற்றையும் பதித்திருந்தார்கள். சாவி, பொத்தான், உடைந்த மூக்குக் கண்ணாடி, புகைக்கிற சுங்கானின் துண்டு, மணிக்கூட்டுச் சக்கரம், ஒரு பொம்மையின் சின்னக் கை. ஞாபகச் சாடி என்று அதற்குப் பெயராம். செய்தவர் பெயர் தெரியாது என்று கீழே எழுதியிருந்தது. அந்த வரிதான் அக்காவைச் சுட்டது.

"பேர் தெரியாதாம். ஒரு வீட்டிலை, ஒரு மேசையிலை வைச்சுத்தானே செய்திருப்பினம்? பக்கத்திலை நிண்ட ஒருத்தருக்காவது தெரிஞ்சிருக்குமே." கண்ணாடிக்குக் கிட்டக் குனிந்து சொன்னாள். "ஆனா இதிலை இருக்கிற மனிசனை எனக்கு வடிவாத் தெரியும். சுங்கான் பிடிச்சிருக்கிறார். கண் மங்கிப்போச்சு. வீட்டிலை ஒரு சின்னப் பிள்ளை இருந்திருக்குது. அங்கை சுவரிலை நிக்கிற ராசா மந்திரி ஒருத்தரையும் எனக்கு இவ்வளவு தெரியாது."

என் அக்கா ஒரே மூச்சில் இவ்வளவு பேசி நான் கேட்டதில்லை. அந்த நிமிடம் எனக்கு அவளை அப்படியே கட்டிப்பிடிக்கவேண்டும் போல் இருந்தது. அவளுடைய மேற்பார்வையாளர் பார்த்துக்கொண்டு நின்றதால் விட்டுவிட்டேன்.

அதே மாதம்தான் அத்தானின் நெஞ்சு தகராறு பண்ணியது. ஒரு சனிக்கிழமை ஆட்டத்தின் நடுவில் யாரோ ஒரு பொடியன் காலைத் தட்டிவிட்டான். அத்தான் விசிலை வாயில் வைத்தார். காற்று வரவில்லை. வியர்த்து வழிந்தபடி புல்லில் குந்திவிட்டார். அம்புலன்ஸ், பரிசோதனை, கடைசியில் இருதயத்துக்குப் போகும் குழாய்களில் அடைப்பு, நெஞ்சைத் திறந்து பைபாஸ் செய்தே ஆகவேண்டும் என்று டூட்டிங் ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள். பங்குனியில் நாளும் குறித்தார்கள். தள்ளிப்போடக்கூடாது என்று டொக்டர் இரண்டு தரம் சொன்னார். அத்தான் வெளியில் பெரிய வீரன். "குழாய் மாத்திறதுதானே, பாத்ரூமிலை நானே மாத்தியிருக்கிறன்" என்று வந்தவர் போனவருக்கெல்லாம் சொல்லிச் சிரித்தார்.

சத்திரசிகிச்சைக்கு முந்திய கிழமை அவருக்கு அறுபத்தைந்தாவது பிறந்தநாள். அதற்கு ஒரு சாடி செய்யப்போகிறேன், உன் வீட்டில் வைத்துச் செய்யலாமா என்று அக்கா கேட்டாள். நான் சரி என்றேன். என் சமையலறை மேசை அதோடு போச்சு. பழைய சாமான் கடையில் ஒரு மண்சாடி வாங்கிவந்தாள். சுவரில் டைல்ஸ் பதிக்கிற பசையை வாளியில் குழைத்தாள். கையில்லாத என் இரவுச் சட்டையைப் போட்டுக்கொண்டு, முழங்கைவரை சாம்பல் நிறமாக, அறைக்காவல்காரி பியற்றிஸ் வேலையைத் தொடங்கினாள்.

என்ன பதிக்கலாம் என்று அவளுக்கு ஆளாளுக்கு யோசனை சொன்னோம். ஹவுன்ஸ்லோவில் இருக்கிற அவர்களுடைய மகள் றூபினி, "சிப்பி ஒட்டுங்கோ அம்மா, அப்பா மன்னார்தானே" என்றாள். அக்கா ஒரேயடியாக மறுத்துவிட்டாள்.

"அவர் சிப்பி பொறுக்கினதை நான் எப்ப கண்டனான்? நான் கண்டதைத்தான் ஒட்டுவன்."

அவள் கண்டவை இவை. விமான நிலைய அட்டையை அவர் சட்டையில் மாட்டிவந்த கிளிப். பழைய இரும்புக்குப் போட்ட கார் ஒன்றின் சாவி. அத்தான் அந்தக் காருக்காக இரண்டு நாள் சாப்பிடவில்லை. கிரிக்கெட் தோற்ற ஒரு நாள் சுவரில் எறிந்து உடைத்த ரிமோட்டின் பாதி. றூபினி பிறந்த அன்று அவர் போட்டிருந்த சட்டையின் பொத்தான். இவையெல்லாம் ஒரு பிஸ்கட் டின்னில் இவ்வளவு காலமும் அவளிடம் இருந்திருக்கின்றன. டின்னின் அடியிலிருந்து, பஞ்சில் சுற்றிய ஒரு கடைவாய்ப் பல்லை எடுத்தாள்.

"அக்கா, பல்லு வேண்டாம். சத்தியமா வேண்டாம்."

"இதைப் பிடுங்கேக்கை அந்த மனிசன் எப்பிடிப் பயந்தது தெரியுமே? டென்டிஸ்டின்ரை கதிரையிலை இருந்துகொண்டு என்ரை கையைப் பிடிச்ச பிடியிலை என்ரை விரல் நீலமாப் போச்சுது. வெளியிலை வந்து, ஒண்டும் நோகேல்லை எண்டு சொன்னவர்." பல்லைச் சாந்தில் அழுத்தினாள். "இது கட்டாயம் வேணும்."

கடைசியாக அவள் பதித்தது விசில். கழுத்து நாடாவை மட்டும் வெட்டிவிட்டு, சாடியின் விளிம்புக்குக் கீழே, ஊதுகிற வாய் வெளியே நீட்டியபடி பதித்தாள்.

பிறந்தநாள் அவர்கள் வீட்டு முன்னறையில் நடந்தது. ரோல்ஸ், கேக், கதிரை போதாமல் படிக்கட்டில் இருந்த ஆட்கள். அக்கா சாடியைத் துணியால் மூடிக் கொண்டுவந்து வைத்தாள். அத்தான் துணியை எடுத்தார். ஒரு நிமிடம் வாயைத் திறந்தபடி நின்றுவிட்டு, "எடியே, இது என்ரை பல்!" என்று கத்தினார். வீடு அதிரச் சிரித்தார்கள். ஒவ்வொரு சாமானையும் தொட்டுத் தொட்டுக் கதை சொல்லத் தொடங்கினார். அக்கா கதவோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகம் அவ்வளவு மலர்ந்து நான் கண்டதில்லை.

அப்போதுதான் ஹம்சா வந்தாள். பக்கத்து வீட்டுப் பெண், சென்னைக்காரி, வங்கியில் வேலை, தங்கமான பிள்ளை. சாடியைக் கண்டதும் கைதட்டினாள்.

"ஐயோ, மெமரி ஜக்! அங்கிள், நான் அமெரிக்காவுல படிச்சப்போ மியூசியத்துல பார்த்திருக்கேன். சூப்பரா இருக்கு. அங்கெல்லாம் இறந்தவங்க கல்லறை மேல வைப்பாங்கன்னு சொன்னாங்க..."

வசனத்தின் பாதியிலேயே அவளுக்கு உறைத்துவிட்டது. ஆனால் பிரேக் பிடிக்கப் பிந்திவிட்டது. சரி, அதோடாவது நின்றிருக்கலாம். அத்தானின் கூட்டாளி கனகலிங்கம், மனிதர் எதையும் உறுதிப்படுத்திக்கொள்கிற ரகம், போனை எடுத்துத் தேடி, எல்லாருக்கும் கேட்க வாசித்தார்.

"ஓமடா யாக்கோப்பு. போட்டிருக்குதுதான். செத்த ஆக்களின்ரை சாமானைப் பதிச்சு, கல்லறையிலை வைக்கிறது எண்டு கனபேர் சொல்லினம். நிச்சயமாத் தெரியாது எண்டும் போட்டிருக்கு."

அந்தக் கடைசி வசனம் யாருடைய காதிலும் ஏறவில்லை. அத்தான் கேக் தட்டை மேசையில் வைத்தார். மேலே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

மறுநாள் சாடி பின்வளவில், குப்பை வாளிகளுக்குப் பக்கத்தில் கிடந்தது. மேலே ஒரு பிளாஸ்டிக் வாளியைக் கவிழ்த்திருந்தார். அதைக் கண்ணால் காணவும் அவருக்கு ஏலவில்லை. அதைவிட மோசம், ஆஸ்பத்திரிக்குப் போகமாட்டேன் என்று பிடிவாதம் பிடித்தார்.

"என்னைப் புதைக்கிறதுக்கு ரெடியாகி நிக்கிற வீட்டிலையிருந்து நான் வெட்டுக்கொத்துக்குப் போகமாட்டன். முடிஞ்சுது."

றூபினி அழுது பார்த்தாள். பங்குச் சுவாமியார் வந்து, தைலம் பூசி, ஒரு மணித்தியாலம் பேசிவிட்டுப் போனார். சாகக்கிடக்கிறவர்களுக்குப் பூசுகிற தைலம் என்று அது இன்னும் பயத்தைக் கூட்டியதுதான் மிச்சம். ஹம்சா என் வீட்டு வாசலில் நின்று, "நான் வாயை வச்சுக்கிட்டு சும்மா இருந்திருக்கலாம் ஆன்ட்டி" என்று விம்மினாள். அந்தப் பிள்ளைக்கு நான் தேத்தண்ணி போட்டுக் கொடுத்தேன். அக்காவிடம்தான் கொதித்தேன். கண்ணுக்கு முன்னால் அந்தச் சாடியின் விளக்க அட்டை குளிர்காலம் முழுக்கத் தொங்கியதே, ஒருதரம் முழுசாக வாசித்திருக்கக் கூடாதா என்று கேட்டேன். அவள் உடுப்பு மடித்துக்கொண்டே இருந்தாள்.

நாள் நெருங்கியது. ஞாயிறு பூசை முடிய நான் நேரே அவர்கள் வீட்டுக்குப் போனேன். செவ்வாய் காலை அத்தான் ஆஸ்பத்திரியில் நிற்கவேண்டும். அவர் சமையலறையில் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தார். பேப்பர் தலைகீழாக இல்லை, ஆனால் அவர் பக்கம் திருப்பவுமில்லை. அக்கா கழுவுதொட்டியடியில் நின்றாள்.

"அத்தான், போதும் உங்கடை நாடகம்" என்று தொடங்கினேன். "அவள் தெரியாமல் செய்துபோட்டாள். வடிவாயிருக்குது எண்டு நினைச்சுச் செய்தவள். தெரியாமல் செய்த பாவத்தை ஆண்டவரே மன்னிக்கிறார், நீங்கள் மன்னிக்கமாட்டீங்களோ?"

"எனக்குத் தெரியும்" என்றாள் அக்கா.

தண்ணீரை நிறுத்திவிட்டுத் திரும்பினாள். கையில் சவர்க்கார நுரை.

"கல்லறையிலை வைக்கிறது எண்டு எனக்கு முதல் நாளே தெரியும். அதைத்தான் எழுதிப்போட்டிருந்தது. ஒவ்வொரு நாளும் வாசிச்சனான்."

அத்தான் பேப்பரைக் கீழே வைத்தார். "தெரிஞ்சுகொண்டோ செய்தனீ?" என்று கேட்டார். குரல் சின்னதாகிவிட்டது. அவருடைய குரல் சின்னதாகும் என்றே எனக்கு அதுவரை தெரியாது.

"ஓம். போன வருசம் உங்கடை சிநேகிதர் செத்தபோது, முப்பத்தோராம் நாள் நினைவு மலருக்கு ரெண்டு பக்கம் எழுதினீங்கள். அவர் இல்லாட்டில் நான் லண்டனிலை தப்பியிருக்கமாட்டன் எண்டு எழுதினீங்கள். அழுதழுது எழுதினீங்கள். பளபளவெண்டு கலரிலை அடிச்சு எல்லாருக்கும் குடுத்தது. அந்த மனிசன் வாசிச்சதே?"

எங்கள் சனத்தில் எந்த வீட்டு அலுமாரியைத் திறந்தாலும் அப்படி ஒரு அடுக்கு நினைவு மலர் இருக்கும். செத்தவரின் நல்ல குணம் எல்லாம் அதில் இருக்கும். உயிரோடிருக்கும்போது அவரிடம் யாரும் மூச்சும் விட்டிருக்கமாட்டார்கள். நானும்தான் எழுதியிருக்கிறேன்.

"எனக்கு எழுத வராது" என்றாள் அக்கா. "கீறவும் வராது. அந்தச் சாடியைச் செய்த ஆளுக்கும் வந்திராது. கண்டதை எடுத்து வைச்சு ஒட்டத்தான் எனக்கு வந்தது. நீங்கள் இருக்கேக்கை, நீங்கள் உங்கடை கண்ணாலை பாக்கவேணும் எண்டு நினைச்சன். நீங்கள் போனாப் பிறகு ஆருக்கு அது? எனக்குப் பயமாக் கிடக்குதப்பா. ஒவ்வொரு நாளும் பயம். கையைச் சும்மா வைச்சுக்கொண்டு இருக்க ஏலாமல் கிடந்தது."

நுரைக் கையாலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அழவில்லை. நான்தான் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்றேன்.

அத்தான் எழும்பிப் பின்கதவைத் திறந்துகொண்டு போனார். வாளி உருளுகிற சத்தம் கேட்டது. சாடியை அணைத்துத் தூக்கிக்கொண்டு வந்தார். வாசல் படியில் ஒருதரம் நின்று மூச்சு எடுத்தார். பேப்பரை விரித்து அதன் மேல் சாடியை வைத்து, மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சுற்றிச் சுற்றிப் பார்த்தார். பிறந்தநாளன்று காணாதவற்றை எல்லாம் அன்று கண்டார். பொத்தானில் விரலை வைத்து, "இது றூபி பிறந்த அண்டைக்கு" என்றார். அக்கா தலையாட்டினாள். சாடியைச் சரித்து அடியைப் பார்த்தார். "செய்தது பியற்றிஸ்" என்று ஆணியால் கீறியிருந்தது.

"உன்ரை பேர் இருக்குது. என்ரை பேர் எங்கை?"

"சுத்திவர நீங்கள்தானே."

அத்தானின் வாய் கோணியது. சிரிப்பா அழுகையா என்று எனக்குப் பிடிபடவில்லை. அவருக்கும் பிடிபட்டிருக்காது. அதை மறைக்கத்தானோ என்னவோ, விசிலைக் கண்டுபிடித்து ஒரு பாய்ச்சல் பாய்ந்தார்.

"எடி விசரி, விசிலையும் ஒட்டிப்போட்டாய்! நான் இனிப் பெடியளுக்கு என்னத்தை ஊதுறது? இது செத்த சாமானோ? இது எனக்குத் தேவைப்படுற சாமான்!"

"தேவையெண்டால் ஊதுங்கோ. நான் வாயை அடைக்கேல்லை."

நானும் அக்காவும் பார்த்துக்கொண்டிருக்க, அறுபத்தைந்து வயது மனிதர் சமையலறை மேசையில் முழங்கையை ஊன்றி, குனிந்து, சாடியின் கழுத்தில் வாயை வைத்து ஊதினார். பஸ்ஸை நிறுத்துகிற விசில் அது. கோழிக்குஞ்சு கத்துகிற மாதிரி ஒரு சத்தம் வந்தது. இன்னொருதரம் மூச்சை இழுத்து ஊதினார். அதுவும் வரவில்லை, காற்று மட்டும் வந்தது. மேசையைப் பிடித்துக்கொண்டு கதிரையில் இருந்தார். நெற்றி முழுக்க வியர்வை. அக்கா முதுகைத் தடவிவிட்டாள்.

அத்தான் விசிலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இந்த மூச்சுக் காணாது, என்ன?" என்றார் பிறகு.

"காணாது" என்றாள் அக்கா.

"எத்தினை மணிக்கு வரச் சொன்னவை?"

செவ்வாய்க்கிழமை நான்தான் ஓட்டிக்கொண்டு போனேன். அத்தான் பக்கத்தில் இருந்து, "ஹோர்னை அடி, அவன் விலகுவான்" என்று வழி முழுக்க எனக்குக் கார் ஓட்டப் பழக்கினார். வேறு நாளென்றால் இறக்கிவிட்டிருப்பேன். அன்று அந்தச் சத்தம் எனக்குத் தேவையாக இருந்தது. மிச்சத்திலிருந்து டூட்டிங் அவ்வளவு கிட்டடி என்று நான் அதற்கு முன் கவலைப்பட்டதில்லை.

ஆஸ்பத்திரியில் அவருக்கு வெள்ளை அங்கி மாட்டிவிட்டார்கள். முதுகுப் பக்கம் கட்டுகிற அந்த அங்கியில் எந்தப் பெரிய மனிதரும் சின்னவராகிவிடுவார். உடம்பில் இருப்பதெல்லாம் கழற்றவேண்டும், வீட்டு ஆட்களிடம் கொடுத்துவிடுங்கள் என்றாள் தாதி. மேல்வரிசைப் பொய்ப்பல்லைக் கழற்றி, அவள் நீட்டிய மூடிக்கோப்பையில் போட்டார். கோப்பையை நான் வாங்கிப் பையில் வைத்தேன். கழுத்திலிருந்த அந்தோனியார் பதக்கத்தைக் கழற்றி அக்காவின் கையில் வைத்தார். கலியாண மோதிரம் வர மறுத்தது. சவர்க்காரம் போட்டு இழுத்து எடுத்தார். அதையும் அவள் உள்ளங்கையில் வைத்து, தன் பெரிய கையால் அவள் விரல்களை மூடினார். விடவில்லை. டென்டிஸ்டின் கதிரையில் பிடித்த பிடி இதுதான் என்று எனக்குத் தெரிந்தது.

"பியற்றிஸ்" என்றார், பல்லில்லாத வாயால். "இதுகளைக் கொண்டுபோய் ஒட்டிப்போடாதை. நான் வந்து திருப்பிக் கேப்பன்."

கட்டிலைத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

காத்திருக்கிற அறையில் அக்கா மூலைக் கதிரையில் போய் இருந்தாள். முதுகை நிமிர்த்தி, முழங்கால்களைச் சேர்த்து, கலைக்கூடத்தில் இருக்கிற அதே மாதிரி. வலக்கை மட்டும் மடியில் பொத்தியபடி. றூபினி கொடுத்த தேத்தண்ணியை இடக்கையால் வாங்கிக் குடித்தாள். செபமாலை சொல்லி முடித்து, இடக்கையால் சிலுவை அடையாளம் போட்டாள். மறைக்கல்வி வகுப்பில் அப்படிச் செய்த பிள்ளைகளை அவள் ஏசியதை நான் கண்டிருக்கிறேன்.

சத்திரசிகிச்சை நல்லபடி முடிந்தது என்று பின்னேரம் சொன்னார்கள். கண்ணாடிக்கு அப்பால் குழாய்களுக்கு நடுவில் அவர் கிடந்தார். மயக்கம் தெளிய நேரமாகும், போய்விட்டு வாருங்கள் என்றார்கள். அக்காவை வீட்டில் விட்டேன். படுக்கும்போது அவள் கையை விரித்தாளோ தெரியாது. காலையில் நான் கூட்டிப்போக வந்தபோது கதவை இடக்கையால்தான் திறந்தாள்.

அத்தான் கண் விழித்திருந்தார். வாய்க் குழாயை எடுத்திருந்தார்கள். முகம் வெளிறி, உதடு காய்ந்து, ஆள் பாதியாகியிருந்தார். எங்களைக் கண்டதும் என்னவோ சொல்லப் பார்த்தார், சத்தம் வரவில்லை. பிறகு, ஊசி குத்தியிருந்த கையைப் போர்வைக்கு வெளியே மெல்ல எடுத்து, உள்ளங்கையை மேலே பார்க்க விரித்து வைத்தார்.

அக்கா கட்டிலோரம் போய்ப் பொத்திய கையைத் திறந்தாள். அவளுடைய உள்ளங்கையில் மோதிரம் வட்டமாகப் பதிந்து சிவந்திருந்தது. மோதிரத்தையும் பதக்கத்தையும் அவர் கையில் வைத்தாள்.

"பாருங்கோ" என்றாள். "ஒண்டையும் ஒட்டேல்லை."

சொல்லிவிட்டு, இத்தனை நாளும் அழாத என் அக்கா, தாதிகள் திரும்பிப் பார்க்கிற அளவுக்குச் சத்தம்போட்டு அழுதாள். அத்தானுக்கு அவளைத் தேற்றக் குரல் இல்லை. அவர் என் பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், தன் வாயைக் காட்டினார். அவருக்கு உடனே பல் வேண்டுமாம்.